கண்ணோரச் சிவப்பு உருண்டை: செர்ரி ஐ அறுவைக்கு முன்னும் பின்னும்

ராத்திரி படுக்கும்போது சரியாக இருந்த கண். காலையில் பார்த்தால் மூக்கை ஒட்டிய மூலையில் பட்டாணி அளவுக்குச் செக்கச்செவேலென்று ஒரு உருண்டை பிதுங்கி நிற்கிறது. பூச்சி கடித்ததா, அடிபட்டதா, கட்டியா என்று வீடே பதறும். நாய் மட்டும் எதுவும் நடக்காதது போல வாலாட்டும். இரண்டு வயதுக்குக் கீழே உள்ள நாய் என்றால், பெரும்பாலும் அது மூன்றாம் இமையின் சுரப்பி தன் இடத்தைவிட்டு வெளியே வந்தது. செர்ரிப் பழம் மாதிரி இருப்பதால் செர்ரி ஐ என்று பெயர்.

நாய்க்கு மேல் இமை, கீழ் இமை போக, கண்ணின் உள்மூலையில் இன்னொரு இமை உண்டு. தூக்கக் கலக்கத்தில் இருக்கும் நாயின் கண்ணில் வெளிறிய ரோஸ் நிறத்தில் ஒரு திரை பாதி ஏறி நிற்குமே, அதுதான். அதன் உள்ளே ஆங்கில 'T' எழுத்து வடிவில் ஒரு குருத்தெலும்பு. அந்த எழுத்தின் காம்பைச் சுற்றி, அடியில் பதுங்கியிருப்பது இந்தச் சுரப்பி. கண்ணீரின் நீர்ப்பகுதியில் 30 முதல் 50 சதவீதம் வரை இதிலிருந்துதான் வருகிறது. சுரப்பியைக் கீழே பிடித்து வைத்திருக்கும் இணைப்புத் திசு சில நாய்களில் பிறவியிலேயே தளர்ந்திருக்கும். காக்கர் ஸ்பானியல், புல்டாக், பீகிள், ஷிட்சூ, லாசா ஆப்சோ, பாஸ்டன் டெரியர், பெரிய உருவத்தில் மாஸ்டிஃப் வகைகள், கேன் கோர்சோ ஆகியவை இதற்குப் பேர்போனவை. பிடி விட்டதும் சுரப்பி மேலே புரண்டு வருகிறது, காற்றில் காய்கிறது, வீங்குகிறது. வீங்கியதால் திரும்பப் போக முடிவதில்லை, போகாததால் இன்னும் வீங்குகிறது.

சிகிச்சை முழுவதும் ஒரு விஷயத்தில் அடங்கிவிடும்: அந்த உருண்டை அழிக்க வேண்டிய கட்டி கிடையாது, கண்ணுக்குத் தண்ணீர் கொடுக்கும் ஊற்று. அதனால் மருத்துவரிடம் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, "உள்ளே வைத்துத் தைக்கப் போறீங்களா, வெட்டி எடுக்கப் போறீங்களா?" என்பதுதான்.

வெட்டி எடுப்பது பழைய வழக்கம், இன்றும் முழுசாக ஒழியவில்லை. சில நிமிட வேலை, செலவு குறைவு, மறுநாளே கண் அழகாகிவிடும். நாய் வைத்திருப்பவருக்கும் திருப்தி. வினை மாதங்கள், சில சமயம் ஆண்டுகள் கழித்து வரும். மிச்சமிருக்கும் கண்ணீர்ச் சுரப்பி ஒன்றுதான், அது வயதாகித் தளரும்போது ஈடுகட்ட ஆளில்லை. கண் காய்ந்து, பசை மாதிரி பீளை கட்டி, கருவிழி பளபளப்பு இழந்து, கடைசியில் பழுப்பு நிறம் படர்ந்து பார்வையை மூடும். அதற்குப் பிறகு ஆயுள் முழுக்க கண்ணீர் சுரக்க வைக்கும் சைக்ளோஸ்போரின் மாதிரியான மருந்தும் செயற்கைக் கண்ணீரும்தான். காக்கர், புல்டாக், ஷிட்சூ ஆகியவற்றுக்கு வறண்ட கண் இயல்பாகவே வரக்கூடியது என்பதை நினைத்தால், அவற்றில் இந்தச் சுரப்பியை வெட்டுவது கிணறு வற்றும் ஊரில் இருக்கிற ஒரு கிணற்றையும் மூடுவது போலத்தான்.

விலக்கு ஒன்று உண்டு. எட்டு, ஒன்பது வயது நாய்க்கு முதல் தடவையாக அந்த மூலையில் கட்டி தென்பட்டால் அதைச் செர்ரி ஐ என்று தானாக முடிவு கட்டக் கூடாது. அந்த வயதில் புற்றுக்கட்டியாக இருக்கலாம், திசுவை எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும். பெரிய இன நாய்க்குட்டிகளில் குருத்தெலும்பே சுருண்டு மடிந்து இமையின் ஓரத்தை வெளிப்பக்கம் புரட்டியிருப்பதும் உண்டு. தூரத்திலிருந்து பார்க்க ஒரே மாதிரி இருக்கும், ஆனால் அதற்கு மடிந்த துண்டைக் கத்தரித்து எடுக்க வேண்டும். சில நாய்களுக்கு இரண்டும் சேர்ந்தே இருக்கும். அப்போது குருத்தெலும்பைக் கவனிக்காமல் சுரப்பியை மட்டும் உள்ளே தள்ளித் தைத்தால் கண் நேராகாது.

அறுவை வரை

நள்ளிரவில் ஓட வேண்டிய அவசரம் இல்லை. ஆனால் "பார்க்கலாம், தானா போயிடும்" என்று மாதக்கணக்கில் விட்டால் சுரப்பி தடித்துப்போய், தைப்பது சிரமமாகி, திரும்ப வெளியே வரும் வாய்ப்பும் கூடும். சில நாட்களுக்குள் காட்டி, சில வாரங்களுக்குள் முடித்துவிடுவது நல்லது. சுரப்பி கடுமையாக வீங்கியிருந்தால் மருத்துவரே முதலில் வீக்கம் குறைய மருந்து கொடுத்துவிட்டு, பிறகு தேதி குறிப்பார்.

இணையத்தில் எல்லோரும் காட்டும் மசாஜ் பற்றி: மூடிய இமையின் மேல் சுத்தமான விரலை வைத்து, மூக்குப் பக்க மூலையை நோக்கி மெதுவாக அழுத்தினால் புதிதாக வெளிவந்த சுரப்பி சில சமயம் உள்ளே போகும். பெரும்பாலும் திரும்ப வந்துவிடும். தளர்ந்த திசு விரல் பட்டு இறுகாது. ஒரு முறை மருத்துவர் செய்து பார்ப்பதில் தவறில்லை. தினமும் வீட்டில் தேய்த்துக்கொண்டிருந்தால் சுரப்பி இன்னும் கன்றிப்போகும்.

காத்திருக்கும் நாட்களில் உருண்டை காயக் கூடாது. பதப்பொருள் (பிரிசர்வேட்டிவ்) கலக்காத செயற்கைக் கண்ணீர் அல்லது ஜெல் ஒரு நாளைக்கு நாலைந்து தடவை விடலாம். அலமாரியில் கிடக்கும் பழைய கண் சொட்டு மருந்தை மட்டும் எடுக்க வேண்டாம். அதில் ஸ்டீராய்டு இருந்து, நாயின் கருவிழியில் கண்ணுக்குத் தெரியாத கீறல் ஒன்றும் இருந்தால், கீறல் ஆழமான புண்ணாகி கருவிழியே கரையத் தொடங்கலாம். சிவப்பைக் குறைக்க மனிதர்கள் போடும் சொட்டு மருந்தும் இதற்கு உதவாது.

பரிசோதனையில் இரண்டு விஷயம் கட்டாயம் நடக்க வேண்டும். ஒன்று ஷிர்மர் சோதனை. விரல் நீள மெல்லிய காகிதப் பட்டை, நுனியில் சிறு மடிப்பு. மடிப்பைக் கீழ் இமைக்குள் மாட்டி, சரியாக 60 விநாடி. கண்ணீர் காகிதத்தில் ஊறி இறங்கும், பட்டையில் அச்சிட்ட அளவுக்கோட்டில் எத்தனை மில்லிமீட்டர் நனைந்தது என்று படிப்பார்கள். 15 அல்லது அதற்கு மேல் என்றால் நல்லது. 10க்குக் கீழே சந்தேகம், 5க்குக் கீழே கண் மோசமாகக் காய்ந்திருக்கிறது என்று அர்த்தம். கண்ணில் எந்தச் சொட்டும் விடுவதற்கு முன்பு இதைச் செய்ய வேண்டும், இல்லாவிட்டால் விட்ட மருந்தைத்தான் அளப்பார்கள். கிளம்பும் அவசரத்தில் வீட்டில் ஜெல் போட்டுக் கூட்டிப்போனால் சோதனை வீண். இரண்டு கண்ணுக்கும் வந்த எண்ணைக் கேட்டு வாங்கி எழுதி வையுங்கள். அறுவைக்குப் பிறகு ஒப்பிட அந்த எண் தேவைப்படும். இன்னொன்று ஃப்ளோரசின் சாயம். ஆரஞ்சு நிறச் சாயத்தை விட்டு நீல ஒளியில் பார்த்தால் கருவிழியில் புண் இருக்கும் இடம் பச்சையாக ஒளிரும்.

முறைகள் இரண்டு பெரிய வகை. பரவலாகச் செய்யப்படுவது மார்கன் பாக்கெட் முறை. மூன்றாம் இமையின் உள்பக்கச் சவ்வில், உருண்டைக்கு மேலே ஒன்றும் கீழே ஒன்றுமாக இரண்டு வளைந்த கீறல்கள். உருண்டையை உள்ளே தள்ளி, அதன் மேல் இரண்டு விளிம்புகளையும் இழுத்து ஒன்றாகத் தைத்தால் சட்டைப்பை மாதிரி மூடிக்கொள்ளும். இதில் தேர்ந்த கை எங்கே தெரியும் என்றால், இரு முனைகளிலும் சிறு இடைவெளி விடுவதில். முழுக்க மூடிவிட்டால் சுரக்கும் கண்ணீர் வெளியேற வழியில்லாமல் உள்ளேயே தேங்கி நீர்க்கட்டி ஆகும். இன்னொன்று முடிச்சு. தானே கரையும் மெல்லிய நூலில்தான் தைப்பார்கள், 5-0 முதல் 7-0 வரையிலான தடிமன். எண் ஏற ஏற நூல் மெலியும். அந்த நூலின் முடிச்சு இமையின் முன்பக்கம் இருக்க வேண்டும். பின்பக்கம் விழுந்தால் ஒவ்வொரு சிமிட்டலுக்கும் கருவிழியை அறுத்துக்கொண்டே இருக்கும்.

இரண்டாவது வகையில், கண்குழி விளிம்பின் எலும்பை மூடியிருக்கும் சவ்வோடு சுரப்பியை நூலால் கட்டி நிறுத்துவார்கள். பிடி உறுதி, ஆனால் மூன்றாம் இமை பழையபடி தாராளமாக ஏறி இறங்காது. மாஸ்டிஃப், புல்டாக் போன்ற இனங்களில் பாக்கெட் மட்டும் போட்டால் பிய்த்துக்கொண்டு வரும் வாய்ப்பு அதிகம் என்பதால் இரண்டையும் சேர்த்துச் செய்பவர்களும் உண்டு. இந்த இனங்களுக்கும், ஏற்கெனவே ஒரு முறை தைத்துத் தோற்ற கண்ணுக்கும், கண் நிபுணர் கிடைத்தால் அவரிடமே போவது புத்திசாலித்தனம். எந்த முறை, முடிச்சு எந்தப் பக்கம், திரும்ப வந்தால் மறு அறுவைக்கு என்ன ஏற்பாடு என்று கேளுங்கள். பதில் சொல்ல அலுத்துக்கொள்பவரிடம் கண்ணை ஒப்படைக்கத் தேவையில்லை.

அந்த வாரத்தில் வீட்டு வேலைகள் சில. முன்னங்கால் நகங்களை, பக்கவாட்டில் இருக்கும் கட்டைவிரல் நகம் உட்பட, வெட்டிவிடுங்கள். தையல் பிரிவதில் அந்த நகத்தின் கைங்கரியமும் உண்டு. இரண்டு நாள் முன்பு குளிப்பாட்டிவிடுங்கள், அதற்குப் பிறகு இரண்டு வாரம் குளியல் கிடையாது. கழுத்துப் பட்டைக்குப் பதில் மார்புப் பட்டை வாங்கிப் பழக்குங்கள். கழுத்து இறுகும்போது கண்ணுக்குள் அழுத்தம் ஏறும். கூம்புக் காலரை முன்கூட்டியே மாட்டி, அதோடு தின்னவும் வாசலைக் கடக்கவும் பழக்கினால் அறுவை அன்று ராத்திரி அது புது எதிரியாகத் தெரியாது. செயற்கைக் கண்ணீரை வைத்துச் சொட்டு விடும் ஒத்திகையும் இப்போதே நடக்கட்டும். வலிக்காத கண்ணில் பழகாத நாய் வலிக்கும் கண்ணில் பழகாது.

மயக்க மருந்துக்கு முன் இரத்தப் பரிசோதனை இருக்கும். பட்டினி எத்தனை மணி நேரம் என்பதை மருத்துவர் சொல்லும்படியே வையுங்கள். வளர்ந்த நாய்க்கு முந்தின ராத்திரியோடு உணவை நிறுத்துவது வழக்கமாக இருந்தது, இப்போது பலர் அதைவிடக் குறைவான நேரமே கேட்கிறார்கள். மிகச் சிறிய குட்டியை நீண்ட நேரம் பட்டினி போட்டால் இரத்தச் சர்க்கரை இறங்கிவிடும் என்பதால் அதற்குத் தனிக் கணக்கு. தண்ணீரை எப்போது நிறுத்துவது என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். ஏற்கெனவே கொடுக்கும் மாத்திரைகள் எல்லாவற்றையும் சொல்லுங்கள். ஸ்டீராய்டு மாத்திரையும் வலி நிவாரணியும் ஒன்றாகச் சேர்ந்தால் இரைப்பையில் புண் வரலாம்.

சப்பை மூக்கு நாய்களுக்கு ஒரு கூடுதல் கேள்வி: மயக்கம் முழுக்கத் தெளியும்வரை யாராவது பக்கத்தில் இருப்பார்களா? மயக்கத்தின்போது மூச்சுக்காகத் தொண்டைக்குள் விட்ட குழாயை எடுத்த பிறகு வரும் நிமிடங்களில்தான் இவற்றுக்கு மூச்சு அடைக்கும் ஆபத்து.

வீட்டுக்கு வந்த முதல் ராத்திரி

அறுவை பெரிய நேரம் பிடிக்காது, சிக்கல் இல்லையென்றால் அன்றே வீடு. நாய் தள்ளாடும், நடுங்கும், காரணமில்லாமல் முனகும். முனகல் பெரும்பாலும் மயக்க மருந்தின் மிச்சம். சோபா, படிக்கட்டு எதிலும் ஏற விடாமல் தரையில் விரித்துப் படுக்க வையுங்கள். முழுசாகத் தெளிந்த பிறகு கொஞ்சம் தண்ணீர், ஒரு மணி நேரம் வாந்தி இல்லையென்றால் வழக்கமான உணவில் பாதி.

பலருக்குத் தெரியாத ஒன்று: மயக்க மருந்து கொடுத்த பிறகு ஒரு நாள் வரை கண்ணீர் சுரப்பதே குறைந்திருக்கும், தைக்காத கண்ணிலும்தான். அன்று ராத்திரி இரண்டு கண்ணுக்கும் ஜெல் போடலாமா என்று கேட்டு வாருங்கள்.

வலிக்குக் கால்நடை மருத்துவர் எழுதிய மருந்து மட்டும். வீட்டிலிருக்கும் ஐபுபுரூஃபன், பாராசிட்டமால் நாய்க்கு விஷமாகும்.

சொட்டு மருந்தும் கூம்பும்

வழக்கமாக ஆன்டிபயாட்டிக் சொட்டு அல்லது களிம்பு, அதோடு வீக்கத்துக்கு ஒன்று, மசகுக்கு ஒன்று என்று இருக்கும். இரண்டு மூன்று மருந்து என்றால் வரிசை முக்கியம். நீர்த்த சொட்டு முதலில், கெட்டியான களிம்பு கடைசியில். களிம்பு முதலில் போய்விட்டால் மேலே விடும் சொட்டு எண்ணெய்மேல் தண்ணீர் மாதிரி வழிந்துவிடும். ஒன்றுக்கும் அடுத்ததற்கும் நடுவில் குறைந்தது ஐந்து நிமிடம். ஒரு சொட்டு போதும், கண் அதற்குமேல் கொள்ளாது. கடிகார நேரத்தோடு ஒரு தாளில் எழுதிச் சுவரில் ஒட்டி, கொடுத்ததும் குறி போடுங்கள். வீட்டில் நாலு பேர் இருந்தால் ஒரே மருந்தை மூன்று பேர் விடுவார்கள், இன்னொன்றை யாரும் விட மாட்டார்கள்.

விடும் விதம் இது. கையைக் கழுவி, நாயை ஒரு மூலையில் பின்பக்கம் சுவரில் படும்படி உட்கார வையுங்கள். பின்வாங்க இடமிருக்காது. நீங்கள் எதிரே நிற்காமல் பக்கவாட்டில் அல்லது முதுகுப் பக்கம் நில்லுங்கள். இடது கையால் தாடையைத் தாங்கி மூக்கைக் கொஞ்சம் மேலே தூக்குங்கள். மருந்துக் குப்பி பிடித்த வலது கையின் அடிப்பகுதியை நாயின் நெற்றியில் ஊன்றிக்கொண்டால், அது தலையை அசைத்தாலும் கையும் கூடவே அசையும், குப்பி கண்ணைக் குத்தாது. அந்தக் கையின் சுண்டுவிரலால் மேல் இமையை மட்டும் தூக்குங்கள். கீழ் இமையையோ உள்மூலையையோ இழுக்க வேண்டாம், தையல் அங்கேதான் இருக்கிறது. குப்பி நாயின் பார்வைக்கு மேலே, பின்னாலிருந்து வர வேண்டும். நுனி எங்கும் படக் கூடாது. முடிந்ததும் உடனே ஒரு துண்டு தின்பண்டம். கூம்பைக் கழற்றாமலே இதெல்லாம் செய்யலாம், பழகினால் பத்து விநாடி.

பீளையைத் துடைக்கப் பஞ்சு வேண்டாம், இழை ஒட்டிக்கொள்ளும். 0.9 சதவீதச் சலைனில் நனைத்த காஸ் துணியை இமையோரத்தில் அரை நிமிடம் வைத்து, ஊறிய பிறகு ஒற்றி எடுங்கள். தேய்க்க வேண்டாம். சொட்டு விடுவதற்கு முன்பு இதைச் செய்துவிடுங்கள்.

கூம்பைப் பற்றித்தான் எல்லா வீட்டிலும் சண்டை. "பாவமா இருக்கு, கொஞ்ச நேரம் கழட்டலாம்" என்று யாராவது ஒருவர் இளகுவார். ஒரே ஒரு தடவை காலால் பிறாண்டினாலோ, கம்பளத்தில் முகத்தை இழுத்துத் தேய்த்தாலோ போதும், மெல்லிய நூல் சவ்வை அறுத்துக்கொண்டு வந்துவிடும். 10 முதல் 14 நாள், தூக்கத்திலும் சேர்த்து, மருத்துவர் பார்த்துச் சொல்லும்வரை அது கழுத்திலேயே இருக்க வேண்டும். கூம்பின் விளிம்பு மூக்கு நுனியைத் தாண்டி நாலைந்து சென்டிமீட்டர் நீண்டிருக்க வேண்டும். கழுத்துப் பக்கம் இரண்டு விரல் நுழையும் தளர்ச்சி. காற்றடைத்த டோனட் வகைக் காலர் வயிற்றுத் தையலுக்கு ஆகலாம், கண்ணுக்கு ஆகாது. முன்னங்கால் தாராளமாக எட்டும், சுவரில் தேய்க்கவும் தடையில்லை. கூம்போடு தின்னச் சிரமப்பட்டால், கூம்பின் வாயைவிடக் குறுகிய கிண்ணத்தை ஒரு பெட்டிமேல் தூக்கி வையுங்கள். கூம்பு கிண்ணத்தை மூடிக்கொண்டு இறங்கும், நாய் நிம்மதியாகத் தின்னும். தினமும் கூம்பின் உள்பக்கத்தைத் துடைக்கவும் வேண்டும், ஒட்டிக் காய்ந்த சோறும் எச்சிலும் கண்ணுக்கு அரை சாண் தூரத்தில் இருக்கிறது.

வீட்டில் இன்னொரு நாய் இருந்தால் பிரித்து வையுங்கள். அன்பாக நக்கியே தையலைப் பிரித்துவிடும். ஓட்டம், மல்லுக்கட்டு, மணலில் தோண்டல் எதுவும் கூடாது. மார்புப் பட்டையில் குறுகிய நடை போதும்.

எது சரி, எது சரியில்லை

முதல் இரண்டு நாள் லேசாக ரத்தம் கலந்த நீர் வடியும். மூன்றாம் இமை புடைத்துக் கண்ணின் பாதியை மறைத்து நிற்கும், சிலர் அறுவைக்கு முன்னால் இருந்ததைவிடக் கோரமாக இருக்கிறது என்று பயந்துபோவார்கள். வீக்கம் முதல் வாரத்தில் மெல்ல வடிய ஆரம்பித்து, சிவப்பு முழுக்கப் போக இரண்டு மூன்று வாரம் ஆகலாம். தினமும் ஒரே வெளிச்சத்தில், ஒரே தூரத்தில் ஒரு போட்டோ எடுத்து வையுங்கள். நேற்றைக்கும் இன்றைக்கும் கண்ணுக்குத் தெரியாத மாற்றம் முதல் நாள் படத்தோடு ஒப்பிட்டால் தெரியும்.

சரியில்லாததற்கு முதல் அடையாளம் கண்ணைத் திறக்க மறுப்பது. நேற்று வரை பாதி திறந்திருந்த கண்ணை இன்று இறுக மூடிக்கொண்டு, நீர் கொட்டி, வெளிச்சத்தைப் பார்க்க முடியாமல் தலையைத் திருப்பினால் நூலோ முடிச்சோ கருவிழியை உரசுகிறது. கருவிழியில் நீலச்சாம்பல் மங்கல் தெரிந்தால் புண் தொடங்கிவிட்டது. மறுபரிசோதனைத் தேதிக்குக் காத்திருக்காமல் அன்றே கூட்டிப்போக வேண்டும், கருவிழிப் புண் ஒரே நாளில் ஆழமாகும். பச்சை மஞ்சளாகக் கெட்டிப் பீளை வந்தால் தொற்று. சில வாரம் கழித்து, சிவப்பில்லாமல் வழவழப்பாக, தண்ணீர் நிரம்பிய மாதிரி ஒரு புடைப்பு வந்தால், முனைகளை அடைத்துவிட்டதால் வந்த நீர்க்கட்டியாக இருக்கலாம். பழைய உருண்டையே திரும்ப எட்டிப்பார்த்தால் பை பிரிந்துவிட்டது. மறுபடியும் தைக்கலாம், இரண்டாவது தடவை வேறு முறையில் அல்லது இரண்டு முறையையும் சேர்த்து. ஒரு தடவை தோற்றதை வைத்து "வெட்டிடலாம்" என்று இறங்கிவர வேண்டியதில்லை.

முதல் மறுபரிசோதனை ஒரு வாரம் பத்து நாளில், அடுத்தது கூம்பைக் கழற்றும் சமயம். வெளிநூல் எதையும் பிரிக்க வேண்டியிருக்காது, கரையும் நூல் அடுத்த வாரங்களில் தானே போய்விடும். கண் பழைய அழகுக்கு வந்ததும் எல்லோரும் மறந்துவிடும் சந்திப்புதான் முக்கியமானது: ஒன்றிரண்டு மாதம் கழித்து மறுபடி ஷிர்மர் சோதனை. எழுதி வைத்த பழைய எண்ணோடு ஒப்பிட்டுப் பாருங்கள். சுரப்பி பல மாதம் வெளியில் காய்ந்து கிடந்திருந்தால், உள்ளே வைத்த பிறகும் முழு அளவில் சுரக்காமல் போகலாம். பிறகு ஆண்டுக்கு ஒரு முறை, தடுப்பூசிக்குப் போகும்போதே கேட்டுவிடலாம். எண் இறங்கிக்கொண்டே வந்தால், பீளை கட்டும் முன்பே மருந்தைத் தொடங்க முடியும்.

இந்த நாயை இனப்பெருக்கத்துக்கு விட வேண்டாம், குட்டிகளுக்கும் அதே தளர்ந்த திசு போக வாய்ப்பிருக்கிறது. கூம்பைக் கழுவிப் பத்திரமாக எடுத்து வையுங்கள். ஒரு கண்ணில் வந்த பல நாய்களுக்குச் சில மாதங்களில் மற்ற கண்ணிலும் வருகிறது.